கடை அண்ணனைத் திட்டப் போகாதே

கேதரின்,

இன்று கூலிம் டவுனுக்குப் போய் அந்தக் கடை அண்ணனோடு சண்டை போடாதே. அவர் நமக்கு விற்ற பழைய பிளேஸ்டேஷனில் ஒரு கோளாறும் இல்லை. உன் பண்ணை கேமை அழித்தது நான்தான்.

ஞாயிற்றுக்கிழமை நீ சர்ச்சில் இருந்தபோது என் தம்பி டேரன் ஒரு பந்து கேம் கொண்டுவந்தான். அதை ஏற்ற இடம் போதாது என்று திரையில் வந்தது. "அண்ணி கேமைத் தூக்கிடுண்ணே, டிஸ்க்கு இருக்குல்ல, அப்புறம் போட்டுக்கலாம் லா" என்றான். தூக்கினேன். அப்போதும் இடம் போதவில்லை. கீழே உன் பெயரில் சேவ் ஆகியிருந்த ஆட்டத்தையும் அழித்தேன். டிஸ்க்கைப் போட்டால் எல்லாம் திரும்பி வந்துவிடும் என்று நினைத்தேன். கேம்தான் வரும், நீ ஆடிச் சேர்த்தது வராது என்று பிறகுதான் தெரிந்தது.

கால் முறிந்து மூன்று மாதம் வீட்டிலேயே கிடந்தபோது நீ வளர்த்த பண்ணை. நேற்று நீ, "மெஷினே அழிச்சிருச்சாங்க?" என்று கேட்டாய். "ஆமா, பழசுதானே" என்றேன். நீ கண்ணைத் துடைத்ததைப் பார்த்தும் சும்மா இருந்துவிட்டேன்.

நெத்திலி சம்பல் சட்டியில் இருக்கிறது. சோறு மட்டும் வைத்துக்கொள்.

மார்க்கஸ்

டேரனைத் திட்டாதே. பட்டனை அழுத்தியது என் விரல்.

விடியற்காலையில் உன் டிஸ்க்கை மறுபடி ஏற்றினேன். முதல் நாளிலிருந்துதான் தொடங்குகிறது. பண்ணைக்கு என்ன பெயர் என்று கேட்டு நிற்கிறது. அதை மட்டும் நான் தொடவில்லை.