சாகுபடிதாரர் பெயர்

ஆடி 12, செவ்வாய்.

இன்று குத்தகைப் பதிவு விசாரணை. யார் பேர் பதிவாகிறதோ, இனி நிலத்தைப் பயிரிடும் உரிமை அவர்களுக்குத்தான். வீட்டுக்காரர் செத்து ஆறு வருஷமாகப் பண்ணையாரின் மூன்று மா நிலத்தைக் குத்தகைக்கு நான்தான் பார்க்கிறேன்.

"சாகுபடிதாரர் யாரும்மா?" என்றார் அதிகாரி.

"நான்தாங்க."

"ஏர் பிடிக்கிறது யாரு?"

பொம்பளை ஏரைத் தொடக்கூடாது என்று வைத்திருப்பது இந்த ஊர்தான். உள்ளதைச் சொன்னேன். "முருகையன் கூலிக்கு உழுதுட்டுப் போவாருங்க."

முருகையன் பேரையே எழுதிவிட்டார்.

உர சொசைட்டியில் கையெழுத்து வாங்கும்போது நான் சாகுபடிதாரர். பண்ணையாருக்குக் குத்தகை நெல் அளக்கும்போதும் நான்தான். அவர்கள் சட்டத்தில் மட்டும் அந்த வார்த்தைக்கு ஏர் பிடித்த கை என்று அர்த்தமாம். நாற்று விட்டது, நட்டது, விடியுமுன் மடை திறந்தது எல்லாம் என்ன கையோ!

சாயங்காலம் முருகையன் வாசலில் வந்து நின்றார். "நான் கேக்கலைக்கா. அவங்களா எழுதிட்டாங்க."

அவர் தலையைக் குனிந்தபடியே சொன்னார்: "களையெடுக்க வேற ஆள் சொல்லலை. நீங்களே வாங்க. கூலி கொடுத்துடுறேன்."