தொலைக்காட்சியில் நான் சொன்ன பொய்

ரோஸ்காமன்
12 மார்ச் 1984

அன்பு மகள் டெர்வ்லாவுக்கு,

இங்கே நானும் அம்மாவும் உடம்பளவில் சுகம், மனதளவில் அப்படிச் சொல்ல முடியவில்லை. நீ நலமாக இருக்கிறாய் என்று நம்பி எழுதுகிறேன். நாடு எப்படி மாறுகிறது என்று தொலைக்காட்சியில் ஒரு தொடர் ஓடுகிறது, மூன்று வாரத்துக்கு முந்தின ஞாயிறு அதில் நம் ஊர் வந்தது. படம்பிடிக்க வந்த பெண், ஊர்ப் பெண்களெல்லாம் ஏன் கிளம்பிப் போனார்கள் என்று என்னைக் கேட்டிருந்தாள். நான் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, "எல்லாம் பொழப்புக்குத்தாம்மா, என் மகளும் லிவர்பூலுக்கு வேலைக்குத்தான் போனா" என்றேன். பன்னிரண்டு வருடமாகச் சொல்லிப் பழகியதால் நாக்கு கூசவில்லை.

அன்று பக்கத்துப் பண்ணை மாலகியும் அவன் மனைவி கன்செப்டாவும் இன்னும் நாலு பேரும் நம் வீட்டில் உட்கார்ந்து பார்த்தார்கள். என் முகம் வந்து நான் பேசி முடித்ததும் அம்மா எழுந்து நின்றாள். "பொய். கல்யாணமாகாம வயித்துல புள்ளைன்னு இவர்தான் அவளைக் கப்பலேத்தினார். எனக்கு ஒரு பேத்தி இருக்கா" என்றாள். மாலகி தேநீரை அப்படியே வைத்துவிட்டுப் போனான், மற்றவர்களும் போனார்கள். கன்செப்டா மட்டும் இருந்து கோப்பைகளைக் கழுவினாள், "எங்கக்காவையும் இப்படித்தான் அனுப்பினாங்க அட்ராக்டா, எங்க இருக்கான்னே தெரியல" என்று அம்மாவிடம் சொல்லி அழுதாள். நான் அங்கேயே உட்கார்ந்திருந்தேன், ஒருத்தியும் என் பக்கம் திரும்பவில்லை.

அன்றிலிருந்து அம்மா உன் அறையில் படுக்கிறாள். சொன்னதைத் திருத்த வேண்டும் என்று தொலைக்காட்சி நிலையத்துக்கு எழுதினேன், ஒளிபரப்பானதை மாற்ற முடியாது என்று பதில் வந்தது. நேற்று பூசை முடிந்து கோயில் வாசலில் மாலகியை நிறுத்தி, அம்மா அன்று சொன்னதுதான் நிஜம் என்று எல்லோர் காதிலும் விழச் சொன்னேன். ஃபாதர் தலையைக் கவிழ்த்துக்கொண்டார். வீட்டுக்கு வந்து, பேத்தி பெயர் என்ன என்று அம்மாவைக் கேட்டேன். நீ அம்மாவுக்கு எழுதிய கடிதங்களை நான் ஒரு நாளும் கேட்டு வாங்கிப் படித்ததில்லை. "எங்கிட்ட கேக்காதீங்க, அவகிட்ட கேளுங்க" என்றாள்.

மன்னிக்கச் சொல்லி இதை எழுதவில்லை மகளே. ஈரக் காற்றில் அலையாதே, உன் நெஞ்சுச் சளிக்கு ஆகாது. மாதா உங்கள் இருவரையும் காப்பாற்றட்டும். மறக்காமல் பதில் போடு, வேறெதுவும் எழுத மனமில்லாவிட்டால் அவள் பெயரை மட்டுமாவது எழுது.

உன் அப்பா
ஃபின்டன்