நைனாவின் குறட்டை நின்ற பிறகு

திருத்தணி
மார்கழி, வெள்ளிக்கிழமை

அன்புள்ள பானுவுக்கு அம்மா எழுதுவது. மலைமேல் இருப்பவன் தயவில் நானும் உன் நைனாவும் நன்றாக இருக்கிறோம், வீடும் நன்றாக இருக்கிறது. அங்கே ஹாம்பர்க் குளிரில் நீ எப்படி இருக்கிறாய், காதை மூடிக்கொண்டுதானே வெளியே போகிறாய். போன் இருக்கும்போது கடிதம் எதற்கு என்று கேட்பாய். கொஞ்ச நாளாக நீ பேசும்போதெல்லாம் அம்மா ம் ம் என்று மட்டும் சொல்கிறாள், என்மேல் கோபமா என்று நைனாவிடம் கேட்டாயாமே. உன்மேல் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை கண்ணு. பேச முடியாமல்தான் எழுதுகிறேன், ஏன் என்று சொல்கிறேன், அவசரப்படாமல் படி.

டாக்டரிடம் பேசி நீ வாங்கித் தந்த மூச்சு மெஷினை மாட்டிய நாளிலிருந்து நைனாவுக்குக் குறட்டை இல்லை. தூக்கத்தில் மூச்சு நின்று நின்று வருகிறது, இப்படியே விட்டால் ஆபத்து என்று சொன்னார்களே, இப்போது மனிதர் குழந்தைபோலத் தூங்குகிறார், முகத்தில் களை வந்திருக்கிறது. ஆனால் குறட்டை போனதும் வீடு நின்றுவிட்டது, அதை நாம் யாரும் யோசிக்கவில்லை பார். குடிபோன அன்று எந்தச் சத்தத்துக்கு முதலில் அசைகிறதோ அந்தச் சத்தத்துக்குத்தான் வீடு நகரும் என்பது ஊரறிந்தது. நம் தெருக் கோவிந்தம்மாள் வீட்டுக்குக் கிரைண்டர். நமக்கு வாய்த்தது, விருந்து முடிந்து களைப்பில் படுத்த உன் நைனாவின் குறட்டை. அன்றிலிருந்து விடியலில் கோலம் போடக் கதவைத் திறந்தால் காலடியில் எந்த ஊர் மண் இருக்கும் என்று எனக்குத் தெரியாது. ஒரு நாள் ஏரிக்கரை, ஒரு நாள் அம்மையார்குப்பத்தில் தறிச் சத்தத்துக்கு நடுவே உன் பெரியப்பா வாசல், ஒரு நாள் நகரி தாண்டி மாந்தோப்பு. நீ பள்ளிக்கூடம் போகவேண்டுமே என்று அவரை இன்னொரு தூக்கம் தூங்கச் சொல்லித் திரும்பி வருவோமே. அவர் தூக்கம் போகிற பக்கம் வீடு போகும், நான் கேட்டு எங்கேயும் போனதில்லை. அவர் முழித்துக்கொண்டால் நடு ரோட்டில் உட்கார்ந்துவிடுமே என்று பாத்திரத்தைக்கூடச் சத்தமில்லாமல் வைத்துப் பழகினேன், நீ கைக்குழந்தையாக அழுதபோதும் தோளில் போட்டுக்கொண்டு வாய்க்குள்ளேயேதான் தாலாட்டுவேன்.

கடைசிக் குறட்டைக்கு வீடு வந்து நின்ற இடம் திருவாலங்காட்டில் வெங்கடேசன் என்பவரின் கரும்புக் கொல்லை. சுற்றிலும் ஆளுக்கு மேல் கரும்பு, ஜன்னலுக்குள் தோகை எட்டிப் பார்க்கும், பனி இறங்கினால் தரை எது வானம் எது என்று தெரியாது, சாம்பாரில்கூட இனிப்பு வாசம் வரும். எனக்குப் பிடித்துத்தான் இருந்தது. அவரும் நல்ல மனிதர், இருந்தாலும் எத்தனை நாள் பொறுப்பார். ஒரு நாள் வந்து, "அக்கா கோச்சிக்காதீங்க, வெட்டுக்கு ஆளுங்க வந்துகினு இருக்காங்க, ஊட்டைக் கொஞ்சம் நவுத்திக்கினீங்கன்னா புண்ணியமாப் போவும்" என்றார். நீ சின்ன வயதில் விளையாட்டாகப் பிடித்து வைத்த குறட்டை ரெக்கார்டிங்கைப் போட்டுப் பார்த்தோம், வீடு காதிலேயே வாங்கவில்லை. நைனா முழித்துக்கொண்டே பொய்க் குறட்டை விட்டார், எனக்குச் சிரிப்பு வந்ததுதான் மிச்சம்.

அதற்கு மறுநாள் மத்தியானம் துணி மடித்துக்கொண்டிருக்கிறேன், தரை லேசாக எழும்புகிறது, ஜன்னலில் கரும்பு நகர்கிறது. எனக்குச் சந்தோஷம் வரவில்லை பானு, மெஷின் என்ன ஆயிற்று என்றுதான் நினைத்தேன். உள்ளே ஓடினால் மெஷினைக் கழற்றித் தலையணைக்கு அடியில் ஒளித்துவிட்டுக் குறட்டை விட்டுக்கொண்டிருக்கிறார். மூச்சு நிற்கும்போதெல்லாம் வீடும் நிற்கிறது, மூச்சு வந்தால் வீடும் நகர்கிறது. ஒரு தடவை ரொம்ப நேரம் நின்றது. என் உயிர் என்னிடம் இல்லை. அவர் தோளைப் பிடித்து உலுக்கி, "ஊடு இங்கியே கெடந்து மக்கட்டும்யா, நீ எனக்கு வேணும், கழட்டிப் போடவா எம்பொண்ணு வாங்கிக் குடுத்தா" என்று கத்தினேன், நீ வா போ என்றெல்லாம் பேசிவிட்டேன். அவர் எழுந்து உட்கார்ந்து, "கரும்பு வெட்டுறவங்க பொழப்பு நம்மளால கெடக்கூடாதேன்னுதான்டி" என்று தலையைக் குனிந்துகொண்டார். அதற்கும் திட்டினேன். அப்போது அவர்தான் ஜன்னலைப் பார்த்துவிட்டு, "கமலா, நான் முழிச்சிக்கினுதானே இருக்கேன், ஊடு போய்க்கினே இருக்குதே" என்றார். ஆச்சரியத்தில் வாயை மூடினேன், வீடு நின்றது. "நிறுத்தாத, திட்டு" என்றார்.

திட்டினேன். உன் கல்யாணத்தில் அவர் சாவியைத் தொலைத்ததிலிருந்து ஆரம்பித்து வரிசையாக எல்லாவற்றுக்கும் திட்டினேன். வீடு வரப்பைத் தாண்டி ரோட்டுக்கு வந்தது. திட்டுவதற்கு ஒன்றும் மிச்சமில்லை என்றதும் கதை சொன்னேன், அதுவும் தீர்ந்ததும் அந்தப் பழைய தாலாட்டை வாய்விட்டுப் பாடினேன். வீடு பூப்போல மிதந்து வந்தது பானு. கொக்குகள் கூடவே பறந்தன, திருத்தணி ரயிலில் போனவர்கள் கையாட்டினார்கள், நைனா என் பக்கத்தில் உட்கார்ந்து காலாட்டிக்கொண்டே கேட்டார். மலைக்குப் போ என்றேன், மலையடிக்கு வந்து நின்றது. கோவிந்தம்மாளுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை, "இத்தினி வருசமா நீ வாயத் தொறந்திருந்தாத்தானே ஊட்டுக்குத் தெரியும்" என்கிறாள்.

அந்தச் சந்தோஷத்தில் நீ அடுத்த அறையில் இருப்பதுபோல, பானு இங்க பாரேன் என்று கூப்பிட்டுவிட்டேன். வீடு சட்டென்று திரும்பி நகரி ரோட்டைப் பிடித்தது, லாரி ஹாரன் அடித்தும் கேட்கவில்லை, முந்தானையால் வாயைப் பொத்திய பிறகுதான் நின்றது, மறுபடி தாலாட்டைப் பாடித்தான் மலையடிக்குத் திருப்பிக் கொண்டுவந்தேன். நைனா போனில் மேப் போட்டுப் பார்த்துவிட்டு உன் ஊர் அந்தத் திசைதான் என்றார். மற்றதை மெதுவாகப் பேசினால் வீடு சும்மா இருக்கிறது, உன் பெயரை மட்டும் எவ்வளவு மெதுவாகச் சொன்னாலும் கிளம்பிவிடுகிறது. போனில் உன் குரலைக் கேட்டாலே பெயர் நாக்குக்கு வந்துவிடுகிறது, அதை விழுங்கிக்கொண்டுதான் ம் என்கிறேன். நைனா, "இன்னும் நாலு தபா கூப்புடு, கடல் வரிக்கும் போய்ப் பாத்துடலாம்" என்கிறார். எனக்கும் ஆசைதான். ஆனால் ஆடிக் கிருத்திகைக்கு நீ வரும்போது வீடு இங்கே இருக்கவேண்டாமா.

அதனால் வழக்கம்போல போன் பண்ணு, நீ பேசு, நான் கேட்கிறேன். வேளைக்குச் சாப்பிடு, ராத்திரி தலைக்குக் குளிக்காதே. மெஷினின் மூக்குப் பட்டை தளர்ந்துவிட்டது, வரும்போது புதிதாக ஒன்று கொண்டுவா. பதில் போட்டால் முகவரியில் குறட்டைச் சிங்காரம் வீடு என்று எழுதாதே, கமலா வீடு என்று போடு. நீயும் மாப்பிள்ளையும் ஒரு குறையுமில்லாமல் நல்லபடியாக வாழவேண்டும், முருகன் துணை இருப்பான். பானு, பானு, பானுப்ரியா. எழுதினால் வீடு அசையாமல் நிற்கிறது, அதனால் இன்னும் ஒரு தடவை எழுதிக்கொள்கிறேன், பானு.

உன் அம்மா
சி. கமலா