பெட்டியில் எவ்வளவு இடம்

ஜூலை 6, ஞாயிறு

கட்டுமாவடியிலிருந்து இப்போதுதான் வந்து சேர்ந்தேன். மடியில் ஒரு கேம் கன்சோல். நாற்பத்தோரு வயதில், புதுக்கோட்டையில் பஸ் மாறி, அறந்தாங்கியில் மாறி, கடற்கரை வரைக்கும் போய், யாரோ விளையாடித் தேய்த்த பெட்டியை வாங்கிக்கொண்டு விராலிமலைக்குத் திரும்பியிருக்கிறேன். பஸ்ஸில் பக்கத்தில் இருந்த அம்மா, "டிவி ரிப்பேருங்களா தம்பி?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். வேறு என்ன சொல்வது?

என் மனைவி பிரியா சொல்லித்தான் வாங்கினேன். தோஹாவுக்கு நர்ஸ் வேலைக்குப் போய் ஒன்றரை வருடம் ஆகிறது. அங்கே தள்ளுபடியில் புதிதாக ஒரு கன்சோல் வாங்கியிருக்கிறாள். "நீங்களும் ஒண்ணு வாங்குங்க, சேந்து வெளையாடலாம். எத்தன நாளைக்குத்தான் சாப்டியா, சாப்டேன்னு பேசிக்கிட்டு இருக்கறது" என்றாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. முந்தின நாள் பேசியதை யோசித்துப் பார்த்தேன். நான் கேட்டது: சாப்பிட்டாயா. அவள் கேட்டது: நீங்க? அதற்கப்புறம் இரண்டு ஊர் வெயிலையும் ஒப்பிட்டோம். வைத்துவிட்டோம்.

விற்றவர் பெயர் மரியசெல்வம். மீன் ஏலம் எடுக்கிறவர். "ஐந்நூறு ஜிபி சார். கடல் மாதிரி கெடக்கும்" என்றார். பெட்டியின் அட்டையிலும் ஐந்நூறு என்றுதான் போட்டிருக்கிறது.

ஜூலை 7, திங்கள்

கடல் இல்லை. குட்டை.

நான் கணினி ஆசிரியர். பதினொன்றாம் வகுப்புக்கு நினைவகம் நடத்துகிறவன். தயாரிக்கிறவர்கள் ஆயிரம் ஆயிரமாக எண்ணுவார்கள், கருவி ஆயிரத்து இருபத்து நான்காக எண்ணும், அதனால் அட்டையில் போட்ட அளவு உள்ளே இருக்காது என்று வருடா வருடம் கரும்பலகையில் எழுதிக் காட்டுகிறேன். அட்டையை நம்பிக் கட்டுமாவடி வரை போனதும் அதே ஆள்தான்.

ஐந்நூறில் அந்தக் கழிவு போய், கன்சோல் தன்னுடைய சொந்தக் காரியங்களுக்கு எடுத்துக்கொண்டது போய், மிச்சம் நானூற்றுச் சொச்சம். அதில் காலி பதினொன்று. மற்றதெல்லாம் மரியசெல்வம். அவருடைய கணக்கு, அவருடைய கார்ப் பந்தயம், அவர் கோல் போட்டபோதெல்லாம் எடுத்த படங்கள். ஆயிரக்கணக்கில் இருக்கின்றன. மனிதர் கோல் போடாமல் இருந்த நாளே இல்லை போலிருக்கிறது.

போன் செய்தேன். "எல்லாத்தையும் அழிச்சுட்டுத் தரேன்னு சொன்னீங்களே?"

"நல்லாத் தொடச்சுத்தானே சார் குடுத்தேன்."

"எதை?"

"பெட்டியத்தான். ஈரத்துணி வச்சு."

அவர் கணக்கை எடுத்துவிட்டால் அவருடைய விளையாட்டுகள் எனக்குத் திறக்காது. எடுக்காவிட்டால் எனக்கு இடம் இல்லை. இந்தச் சிக்கலை அவருக்கு விளக்கிச் சொன்னேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, "அழிச்சிருங்க சார்" என்றார். கொஞ்சம் தயங்கி, "உள்ள நான் பாடுன வீடியோ ஒண்ணு கெடக்கும். அதை மட்டும் வாட்ஸப்புல போட்டு விட்டுருங்க."

தேடி எடுத்து அனுப்பினேன். முழுக்கக் கேட்டுப் பார்த்தேன். குரல் நன்றாக இல்லை. ஆனாலும் இரண்டாவது தடவையும் கேட்டேன்.

ஜூலை 13, ஞாயிறு

முதல் விளையாட்டு. விவசாயம். ஊரில் அப்பா விட்டுப்போன நிலத்தைக் குத்தகைக்குக் கொடுத்துவிட்டு, திரையில் முள்ளங்கி போடுகிறேன்.

பேசிக்கொள்வதற்கு இரண்டு பேரும் மைக் வைத்த ஹெட்செட் மாட்டியிருந்தோம். நான் நேராகப் போய்க் குளத்தில் விழுந்தேன். திரும்ப ஏறி, திரும்ப விழுந்தேன். பிரியா அந்தப் பக்கம் சிரித்த சிரிப்பில் அவளோடு தங்கியிருக்கும் ஷீபா எழுந்து வந்து எட்டிப் பார்த்தாளாம். "ஷீபா, இவர்தான் எங்க வீட்டுக்காரர். தண்ணிக்குள்ள நிக்கிறாரே, அவரு."

இப்படியும் ஓர் அறிமுகம்.

ஜூலை 27, ஞாயிறு

இன்று வேலி போட்டோம். போட்டுக்கொண்டிருக்கும்போதே அவள் சொன்னாள், மார்ச் மாதம் குளியலறையில் வழுக்கி விழுந்து மணிக்கட்டு வீங்கிப் போய் ஒரு வாரம் இடது கையாலேயே எல்லாம் செய்தாளாம். மார்ச்சில் நாங்கள் தினமும் பேசினோம். தினமும். சாப்பிட்டாயா என்று தினமும் கேட்டேன்.

"ஏன் பிரியா சொல்லல?"

"மூஞ்சியப் பாத்துக்கிட்டே சொல்ல வரலைங்க. இப்ப வேலியப் பாத்துக்கிட்டு இருக்கேன்ல, வந்துருச்சு. அந்தக் கம்பைக் கொஞ்சம் இங்கிட்டுத் தள்ளி நடுங்க."

தள்ளி நட்டேன்.

ஆகஸ்ட் 9, சனி

ஒரு கால்பந்து விளையாட்டை இறக்கியிருக்கிறேன். பிரியாவிடம் சொல்லவில்லை. விவசாய விளையாட்டு நிலம், குளம், கோழி எல்லாவற்றையும் சேர்த்து ஒரு மூலையில் அடங்கிவிடுகிறது. இந்தக் கால்பந்து மட்டும் பெட்டியில் கால்வாசியை வளைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறது. பார்வையாளர்களின் சட்டை மடிப்பு வரைக்கும் வரைந்து வைத்திருக்கிறார்கள். நான் பந்தை எங்கே அடித்தாலும் அவர்களிடம்தான் போகிறது, அதனால் பக்கத்தில் பார்க்க முடிந்தது.

ஆகஸ்ட் 24, ஞாயிறு

கால்பந்துக்குப் புதுப்பிப்பு வந்திருக்கிறது. முப்பது ஜிபி. இலவசமாகக் கிடைத்த விளையாட்டுகளையெல்லாம் இறக்கி வைத்ததில் மிஞ்சிய காலி இடம் ஐம்பது இருந்தும் போதாது என்கிறது. பிறகுதான் புரிந்தது: பழையதை வைத்துக்கொண்டே பக்கத்தில் புதியதைப் பிரதி எடுத்து, சரியாக வந்த பிறகுதான் பழையதை அழிக்குமாம். வீடு மாற்றும்போது ஒரு மாதத்துக்கு இரண்டு வீட்டுக்கும் வாடகை கொடுப்பதைப் போல. பழைய பெட்டி வாங்குகிறவர்களுக்கு இதை யாராவது முதலிலேயே சொல்லக் கூடாதா? சொல்லியிருந்தாலும் நான் கேட்டிருக்க மாட்டேன். கணினி ஆசிரியர்.

செப்டம்பர் 24, புதன்

போச்சு.

இலவச விளையாட்டுகளை அழித்து இடம் பண்ணிக் கொடுத்து, கால்பந்துப் புதுப்பிப்பு ஏறிக்கொண்டிருக்கும்போது கரண்ட் போனது. இன்வெர்ட்டர் இருக்கிறது. அதில் டிவியை இணைத்திருக்கிறேன். கன்சோலை இணைக்கவில்லை. அதனால் கன்சோல் செத்துப்போனதை டிவியில் தெளிவாகப் பார்க்க முடிந்தது.

கரண்ட் வந்ததும் திரையில் ஒரு செய்தி. சேமிப்பகம் பழுதாகிவிட்டது, எல்லாவற்றையும் அழித்துப் புதிதாகத் தொடங்கவும். வேறு வழி தெரியவில்லை. அழுத்திவிட்டேன்.

வேலி. குளத்துப் பாலம். அவள் வரிசையாக நட்ட சூரியகாந்தி. எல்லாம் போயிற்று. யாருக்காக? ஒரு கோல் போட முடியாத ஒரு பந்துக்காக.

என்னன்னு சொல்றது அவகிட்ட? கரண்டு போச்சுன்னா? திருட்டுத்தனமா பந்து விளையாடினேன்னா?

செப்டம்பர் 28, ஞாயிறு

பிரியாவிடம் இணையம் வேலை செய்யவில்லை என்று சொல்லிவிட்டேன். இணையம் வழியாகத்தான் சொன்னேன். அவள் கவனிக்கவில்லை, அல்லது கவனித்தும் விட்டுவிட்டாள்.

காலாண்டு விடுமுறை. திட்டம் இருக்கிறது. புது நிலம் ஒன்றைத் தொடங்கி, பழையதைப் போலவே அச்சாக ஆக்கிவிடுவது.

அக்டோபர் 2, வியாழன்

விடுமுறைக்கு விடைத்தாள் கட்டு கொண்டுவந்தேன். பிரிக்கவே இல்லை. காலையிலிருந்து மாலை வரை கல் பொறுக்குகிறேன். பாலத்துக்கு எத்தனை பலகை, சூரியகாந்திக்குப் பக்கத்தில் இருந்தது மல்லியா தக்காளியா என்று ஞாபகப்படுத்திப் பார்க்கிறேன். கோழிக்கு அவள் 'கண்ணாத்தாள்' என்று பெயர் வைத்திருந்தாள். அவளுடைய சித்தி பெயர். புதுக் கோழிக்கும் அதையே வைத்தேன். நிறம் வேறாக இருக்கிறது. பழையது வெள்ளை, இது பழுப்பு. கேட்டால் வெயிலில் கறுத்துவிட்டது என்று சொல்லிக்கொள்ளலாம்.

நிஜ வீட்டில் துணி துவைத்து மூன்று நாள் ஆகிறது. ஜன்னலுக்கு வெளியே மயில் வந்து நின்று உள்ளே பார்த்துவிட்டுப் போயிற்று.

அக்டோபர் 5, ஞாயிறு

அவமானத்தை வரிசையாக எழுதி வைக்கிறேன்.

பிரியாவுக்கு விடுப்பு. "நெட்டு வந்துருச்சா? வாங்க" என்று அழைப்பு அனுப்பினாள். நான் என் போலி நிலத்தைத் திறந்து வைத்து, அவள் உள்ளே வரட்டும் என்று காத்திருந்தேன். "நீங்கதாங்க உள்ள வரணும்" என்றாள். பயந்துகொண்டே அழைப்பை அழுத்தினேன்.

எல்லாம் அப்படியே இருந்தது. வேலி, பாலம், சூரியகாந்தி. வெள்ளைக் கண்ணாத்தாள். குளத்தங்கரையில் நான், போன மாதம் விட்ட இடத்தில்.

அதற்கு மேல் மறைக்கத் தெரியவில்லை. கால்பந்து, கரண்ட், அழித்தது, கல் பொறுக்கியது, பழுப்புக் கோழி, எல்லாவற்றையும் சொன்னேன். அந்தப் பக்கம் சத்தமே இல்லை. கோபம் என்று நினைத்தேன். மூச்சுவிட முடியாமல் சிரித்துக்கொண்டிருந்திருக்கிறாள்.

"ஏங்க, நான்தான ஹோஸ்ட்டு. நெலம் எம் பெட்டியிலதான் இருக்கு. நீங்க வந்து போற ஆளு. ஒங்க பெட்டி எரிஞ்சு போனாக்கூட இங்க ஒரு முள்ளங்கி வாடாது. நீங்கல்லாம் என்ன கம்ப்யூட்டர் வாத்தியாரு?"

நானும் சிரித்தேன். அப்புறம் அவள் சிரிப்பு நின்றது. தண்ணீர் ஊற்றிக்கொண்டே சொன்னாள்.

"டிசம்பரோட கான்ட்ராக்ட் முடியுது. இன்னும் ரெண்டு வருசத்துக்குப் பேப்பர் குடுத்துருக்காங்க. கையெழுத்துப் போடலாம்னு இருக்கேன்."

நான் வழக்கமாகச் சொல்வதையே சொன்னேன். "ஒன் இஷ்டம் பிரியா."

அவள் தண்ணீர் ஊற்றுவதை நிறுத்தினாள். "எத எடுத்தாலும் ஒன் இஷ்டம். வரும்போதும் ஒன் இஷ்டம்னீங்க. நான் அங்க இருந்தா ஒங்களுக்குப் புடிக்குமா புடிக்காதான்னு இன்னைக்கு வரைக்கும் எனக்குத் தெரியல. ஒரு கோழியத் திருப்பிக் கொண்டார ஒரு வாரம் கல்லுப் பொறுக்குனீங்க. வாயத் தொறந்து ஒரு வார்த்த கேக்க முடியல."

வெளியேறிவிட்டாள். ஹோஸ்ட் போனால் எல்லோரும் வெளியே. திரை இருட்டு.

அக்டோபர் 6, திங்கள்

பெருந்தன்மை என்றல்லவா நினைத்திருந்தேன். மனைவியைத் தடுக்காத நவீன மனிதன் என்று. ஆசிரியர் அறையில் ஒருமுறை இதைப் பெருமையாகக்கூடச் சொல்லியிருக்கிறேன்.

பயம்தான். போகாதே என்று நான் சொல்லி, போவேன் என்று அவள் சொல்லிவிட்டால்? வா என்று கூப்பிட்டு, வரமாட்டேன் என்று சொல்லிவிட்டால்? கேட்காமல் இருந்தால் மறுப்பும் இல்லை. அவ்வளவுதான் என் நவீனம்.

அக்டோபர் 12, ஞாயிறு

கேட்டுவிட்டேன். விளையாட்டில் இல்லை, முகத்தைப் பார்த்து, வீடியோவில். ஒத்திகை பார்த்து வைத்திருந்த வாக்கியம் ஒன்றும் வரவில்லை. "வந்துரு பிரியா. நீ இல்லாம இங்க ஒண்ணும் நல்லால்ல" என்றேன். மூக்கு ஒழுகியது. அழகாக ஒன்றும் நடக்கவில்லை.

முதலில் மூக்கைத் துடைக்கச் சொன்னாள். "அங்க வந்து வீட்ல சும்மா ஒக்காந்துருக்க மாட்டேன்" என்றாள்.

"நான் ஒக்காரச் சொல்லல."

"யோசிக்கிறேன்."

அக்டோபர் 18, சனி

திருச்சிக்குப் போய் மூன்று மருத்துவமனையில் நர்ஸ் வேலை இருக்கிறதா என்று விசாரித்தேன். முதல் இடத்தில் நான் வாய் திறப்பதற்குள் டோக்கன் கொடுத்து உட்கார வைத்து பிரஷர் பார்த்துவிட்டார்கள். அதிகமாக இருக்கிறதாம். இருக்காதா? மூன்றாவது இடத்தில் டயாலிசிஸ் பிரிவுக்கு அனுபவமுள்ளவர்கள் வேண்டும் என்று சொல்லி ஒரு நம்பர் கொடுத்தார்கள். பிரியாவுக்கு அனுப்பினேன்.

"ஒங்கள யாரு அங்கயெல்லாம் போகச் சொன்னது?" என்று மட்டும் பதில் வந்தது. கோபமா, இல்லையா? எழுத்தில் தெரியவில்லை. உப்பு குறைத்துச் சாப்பிடச் சொல்லி இன்னொன்று பின்னால் வந்தது.

நவம்பர் 2, ஞாயிறு

விளையாடினோம். அறுவடை. திரும்பி வருவதைப் பற்றி அவளும் பேசவில்லை, நானும் பேசவில்லை.

நவம்பர் 16, ஞாயிறு

இன்றும் அறுவடை. கேட்டதற்குப் பிறகு காத்திருப்பது, கேட்காமல் இருந்ததைவிடக் கஷ்டமாக இருக்கிறது. இது முன்னமே தெரிந்துதான் இத்தனை வருடம் வாயை மூடிக்கொண்டிருந்தேன் போல.

நவம்பர் 23, ஞாயிறு

மத்தியானம் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது பிரியாவிடமிருந்து செய்தி.

"ஒங்க பெட்டில எவ்வளவு எடம் காலியா இருக்கு?"

புது விளையாட்டு ஏதோ வாங்கப்போகிறாள் என்று நினைத்தேன். எழுந்து கை கழுவி, பெட்டியைப் போட்டுப் பார்த்து, முந்நூறு ஜிபி என்று பதில் அனுப்பினேன். போதுமா என்றும் கேட்டேன்.

"என்னோட பெட்டிய ஷீபாகிட்ட குடுத்துட்டு வாரேன். நெலத்த ஒங்க பெட்டிக்கு மாத்தணும்ல."

படித்தேன். சோறு ஆறிப்போயிருந்தது. மறுபடி படித்தேன். பேப்பரில் கையெழுத்துப் போடவில்லையாம். டயாலிசிஸ் பிரிவில் போன வாரமே போனில் இன்டர்வியூ முடிந்துவிட்டதாம். எடுத்துக்கொண்டார்களாம். கிடைக்காவிட்டால் எனக்கு எதற்கு ஆசை காட்ட வேண்டும் என்று சொல்லாமல் வைத்திருந்தாளாம்.

அந்த நிலத்தின் சேமிப்புக் கோப்பு ஒரு போட்டோ அளவுகூட இருக்காது. அது எனக்கு நன்றாகத் தெரியும், நான் கணினி ஆசிரியர். இருந்தாலும் உட்கார்ந்து, வெட்கமில்லாமல் திரும்ப இறக்கி வைத்திருந்த கால்பந்தை அழித்தேன். பழுப்புக் கோழி இருந்த என் போலி நிலத்தையும் அழித்தேன். மரியசெல்வத்தின் பாட்டு ஒரு பிரதி எங்கோ மிச்சம் இருந்தால் அதையும் அழித்திருப்பேன். விவசாயம் தவிரப் பெட்டி முழுக்கக் காலி. பார்த்துக்கொண்டே இருந்தேன்.

டிசம்பர் 21, ஞாயிறு

பிரியாவுக்கு நாளை திருச்சியில் வேலை தொடக்கம். காலையில் சட்டையைத் தேய்த்து வைத்துவிட்டு, "கொஞ்ச நேரம் வெளையாடலாமா?" என்றாள்.

இரண்டு பேர் ஒரே பெட்டியில் விளையாடினால் திரை பாதியாகப் பிரிந்துவிடுகிறது. என் பாதியில் எனக்கு ஒன்றுமே புலப்படவில்லை.

"எங்க நிக்கிறீங்க?" என்று கேட்டாள்.

"குளத்துக்குப் பக்கத்துல" என்று பதில் சொன்னேன். ஹெட்செட்டை மாட்டிக்கொண்டு, மைக்கை வாய்க்குப் பக்கத்தில் இழுத்துச் சத்தமாகச் சொன்னேன்.

அவள் என் தோளை ஒட்டித்தான் உட்கார்ந்திருந்தாள். என் ஹெட்செட்டைக் கழற்றி டிவிக்குப் பின்னால் வைத்துவிட்டு வந்து, திரும்ப உட்கார்ந்தாள்.