உன்னுடைய ஜப்பான் பொடியன்

இன்று காலை தபாலில் உன் பெயருக்கு ஒரு பொதி வந்தது. பிரித்ததும் புதுக் காகித வாசம். நீ முன்கூட்டியே பதிந்து வைத்திருந்த, மாங்கா எனும் ஜப்பானியச் சித்திரக்கதையின் கடைசிப் பாகம். அட்டையில் அதே பொடியன், கண்ணை மறைக்கும் தலைமயிரோடு நிற்கிறான். நீ போன பிறகும் உன்னைத் தேடி வீட்டுக்கு வருகிறானே, என்ன துணிச்சல்!

இதன் முதல் பாகங்கள் மகள் பல்கலைக்கழகம் போனபோது விட்டுச்சென்றவை. சும்மா எடுத்துப் பார்த்த நீ, பிறகு ஹீத்ரோ விமான நிலைய ஷிப்டுக்குப் போகும் பஸ்ஸிலும் அவனோடுதான் போனாய். தன் வகுப்புப் பெட்டையிடம் விருப்பத்தைச் சொல்ல அவனுக்கு வாய் வராது. ஒரு பாகம் முழுக்க இருவரும் ஒரே குடைக்குள் நடந்தார்கள், கை படவில்லை. நீ அடுப்படியில் நின்று பெருமூச்சு விட்டாய். கறி அடிப்பிடித்தது.

“இந்த வயசில உனக்கேன் சின்னப் பிள்ளையளின்ர காதல்?” என்றேன்.

“இஞ்சேருங்கோ, அவன் அவளைப் பாக்கிற பார்வையை ஒருக்காப் பாருங்கோ. நீங்கள் எப்ப என்னை அப்பிடிப் பாத்தனீங்கள்?”

“எங்க நேரம் இருந்தது?”

உண்மைதான். போட்டோ வந்தது, சாதகம் பொருந்தியது, திருச்சியில் மண்டபம் எடுத்தார்கள். அங்கே உன்னை முதன்முதல் பார்த்த மறுநாளே தாலி கட்டினேன். பிறகு லண்டனில் ஹவுன்ஸ்லோ, ஆளுக்கொரு ஷிப்ட். நீ சிரித்துக்கொண்டுதான் கேட்டாய், எனக்குத்தான் வயிறு எரிந்தது. காகிதத்தில் இருப்பவனோடு எப்படிச் சண்டை பிடிப்பது? உன்னிடமே விட்டிருந்தால் என்னைத் தெரிந்தெடுத்திருப்பாயா என்று கேட்க நினைப்பேன். அவனைப் போலவே எனக்கும் வாய் வராது.

ஆஸ்பத்திரியில்கூட, “அவன் கடைசியாச் சொல்லிடுவானோ?” என்றாய்.

“சொல்லுவான். நீ சுகமாகி வா, வாசிப்பம்.”

நான் ஏதாவது சொல்வேனா என்று நீ கேட்கவில்லை.

இன்று கட்டிலில் நீ படுத்த பக்கத்தில் இருந்துகொண்டு, நீ காட்டித்தந்தபடி வலமிருந்து இடமாகப் புரட்டினேன். கடைசி அத்தியாயத்தில், ரயில் நிலையத்தில், அவளை மறித்து வாயைத் திறக்கிறான். அடுத்த பக்கத்தில் சொல்லிவிடுவான். நம் வீட்டில், உன் கட்டிலில் வைத்து, நான் சொல்வதற்கு முந்தி! பொறுக்க முடியவில்லை. புத்தகத்தை மூடினேன்.

“எனக்கு உன்னில சரியான விருப்பம். அந்த மண்டபத்தில கண்ட நேரம் தொட்டு” என்று வெறும் அறையில் வாய்விட்டுச் சொன்னேன்.

பொறாமை இன்னும் போகவில்லை, போகவும் வேண்டாம். புத்தகத்தை நான் திரும்பத் திறக்கவில்லை. அவன் அங்கேயே வாயைத் திறந்தபடி நிற்கட்டும்.