நடுங்காத கை

என் கண்மணிக்கு அம்மா எழுதுவது. நீயும் மாப்பிள்ளையும் சின்னவளும் அங்கே சுகமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். இங்கேயும் சுகம்தான் என்று இரண்டு வரி எழுதிவிட்டு எழுந்து போயிருப்பேன், ஆனால் நீ போன் செய்து அப்பாவைக் கூப்பிடச் சொல்லும்போதெல்லாம் குளிக்கிறார் என்று எத்தனை நாள்தான் சொல்வது, இத்தனை தடவை குளித்திருந்தால் மனிதர் கரைந்தே போயிருப்பார். சின்னவளுக்கு முன்பல் ஆடுகிறது என்றாயே, பிடித்து இழுக்காதே, தானாக விழட்டும். சமையலறைக் குழாய் இன்னும் ஒழுகுகிறது, வீட்டுக்காரர் இன்றைக்கு நாளைக்கு என்கிறார். இதையெல்லாம் எழுதிக்கொண்டே போவது சொல்ல வந்ததைத் தள்ளிப்போடத்தான்.

அப்பாவுக்கு இரண்டு வருடமாக வலது கை நடுங்குகிறது. நிற்காது, மெல்ல மெல்ல அதிகமாகத்தான் ஆகும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். உன்னிடமும் மறைத்தோம், படக் கம்பெனிக்காரர்களிடமும் மறைத்தோம். அவருடைய வேடங்கள் உனக்குத் தெரியாததா, கொள்ளைக் கூட்டத்தில் மூன்றாவது ஆள், கூட இருந்தே காட்டிக்கொடுக்கிறவன், இடைவேளைக்குள் சாகிறவன். கை ஆட ஆரம்பித்ததும் கடத்தப்பட்ட ஆள் வேடமாகப் பார்த்துக் கேட்டு வாங்கிக்கொண்டார். நாற்காலியில் உட்கார வைத்துக் கட்டிவிட்டால் கை ஆடுவது யாருக்குத் தெரியும். நல்லா இறுக்கிக் கட்டுங்க தம்பி, அப்பதான் நிஜமா இருக்கும் என்று இவரே சொல்வாராம், பெரியவருக்குத் தொழில்மேல் எவ்வளவு பக்தி என்று அவர்கள் மெச்சுவார்களாம். வீட்டுக்கு வந்தால் தடித்துப் போன மணிக்கட்டுக்கு எண்ணெய் தடவுவது என் வேலை.

போன மாதம் ஒரு புது டைரக்டர் கூப்பிட்டு அனுப்பினார். வயதான துப்பாக்கிக்காரர் வேடம், பன்னிரண்டு காட்சி, எல்லாவற்றிலும் வசனம். முப்பத்து நாலு வருடத்தில் இவருக்கு இரண்டு காட்சிக்கு மேல் யார் கொடுத்தார்கள். இவரைப் போன்றவர்களுக்குக் கதையைச் சொல்லும் வழக்கமும் கிடையாது, எந்தச் சட்டை, எத்தனை மணிக்கு, அவ்வளவுதான். துப்பாக்கி பிடிக்கிற கை ஆடக் கூடாதே என்று பயந்து, நடுக்கத்துக்கு டாக்டர் கொடுத்த மாத்திரையைக் காலையில் ஒன்றுக்கு இரண்டாக நான்தான் என் கையால் கொடுத்தேன். கை கல் மாதிரி நின்றது. அதைப் பார்த்துப் பார்த்துச் சந்தோஷப்பட்டுக்கொண்டே போனார்.

வெண்ணெய் திரண்டு வரும்போது தாழி உடைந்த கதையைக் கேள். அந்த வேடமே கை நடுங்குகிற ஆளாம். பேர் போன கொலைகாரனுக்கு வயதாகிக் கை ஆட ஆரம்பித்துவிட்டது, அதுதான் படமே. அதை இவர் அங்கே போன பிறகுதான் சொல்லியிருக்கிறார்கள். இவர் கையை ஆட்டி ஆட்டிக் காட்டியிருக்கிறார், ஏழு தடவை எடுத்தார்களாம். டைரக்டர் மரியாதையாகத்தான் பேசியிருக்கிறார். ஐயா, நடுக்கம் நீங்க வேணும்னே செய்ற மாதிரி இருக்கு, பார்க்கிறவங்க நம்ப மாட்டாங்க என்று சொல்லிவிட்டு, மதியத்துக்குள் வேறொருவரை வரவழைத்துவிட்டார். இவரை வெறுங்கையோடு அனுப்ப மனமில்லாமல் அதே படத்தில் ஒரு பிண வேடம் கொடுத்தார்கள். நாலு மணிக்கு மாத்திரையின் வேகம் இறங்கியிருக்கிறது. தரையில் கிடந்த பிணத்தின் விரல்கள் தாளம் போட ஆரம்பித்துவிட்டன. பெரியவரே, இந்த நடுக்கத்தைக் காலையிலயே காட்டியிருக்கலாமே என்று கேமராக்காரர் சொல்ல, எல்லோரும் சிரித்தார்களாம். டைரக்டர் மட்டும் சிரிக்கவில்லையாம், ஆனால் ஒன்றும் கேட்கவும் இல்லை. தலையோடு காலாகத் துணியைப் போர்த்தி எடுத்து முடித்தார்கள்.

வீட்டுக்கு வந்து அப்பா இதைச் சொன்னதும், நான் போய் டைரக்டரிடம் உள்ளதைச் சொல்கிறேன் என்று செருப்பை மாட்டினேன். தடுத்துவிட்டார். சொல்லி என்ன ஆகப்போகுது, தினம் கூடவே வச்சிக்கிட்டிருக்கிற நடுக்கத்தையே நடிச்சுக் காட்டத் தெரியலை, அந்தப் பையன் சொன்னது சரிதான், நான் நடிகனே இல்லை என்றார். அன்றோடு போன் எடுப்பதை விட்டுவிட்டார். வேலைக்குக் கூப்பிடுகிறவர்களிடம் ஊரில் இல்லை என்று நான் சொல்கிறேன். இப்போது அவர்களும் கூப்பிடுவதில்லை. நோயைக்கூடப் பொறுத்துக்கொள்வேன், அந்த இரண்டாவது மாத்திரையை நான் கொடுத்தேனே, அதுதான் என்னைத் தூங்கவிடாமல் அரிக்கிறது.

நீ இப்போது கிளம்பி வராதே, வந்தால் விஷயம் தெரிந்துதான் வந்திருக்கிறாய் என்று அவருக்குப் புரிந்துவிடும். வேளைக்குச் சாப்பிடு, மாப்பிள்ளையோடு சின்ன விஷயத்துக்கெல்லாம் மல்லுக்கட்டாதே. மூன்று பேரும் நோய்நொடியில்லாமல் நூறு வயது இருக்க வேண்டும். ஒன்றை மட்டும் நினைவில் வைத்துக்கொள். நீங்க நல்லா நடிச்சீங்க என்று முப்பத்து நாலு வருடத்தில் ஒரு தடவைகூட நான் அவரிடம் சொன்னதில்லை. சாப்பிட்டாச்சா, நாளைக்கு எத்தனை மணிக்கு என்றுதான் கேட்டிருக்கிறேன். நேற்று சொல்லிப் பார்த்தேன். பரிதாபப்பட்டுச் சொல்றே என்று சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார். நீயும் சொன்னதில்லை, எனக்குத் தெரியும். இனிமேல் சொல்லிவிடாதே.

இப்படிக்கு,
உன் அம்மா