அலை பின்னால் இருந்தது

பிப்ரவரி, செவ்வாய்

காட்டுயிர்ப் புகைப்படக்காரர் சேகரைப் பேட்டி எடுக்க ஆழ்வார்பேட்டை போயிருந்தேன். அவருக்குப் பெயர் வாங்கித் தந்த படத்தைச் சுவரில் மாட்டியிருக்கிறார்: திருவான்மியூர் மணலில் ஆமைக்குஞ்சுகள் கூட்டமாக வருகின்றன. அலை அவற்றுக்குப் பின்னால் இருப்பதை இன்றுதான் கவனித்தேன்.

"கடல் பின்னாடி இருக்கே சேகர், இதுங்க எங்க வருது?"

"என் விளக்குக்கு, சார். வெளிச்சத்தைக் கடல்னு நினைச்சு வந்துச்சுங்க. ஷாட் நல்லா வந்துச்சு, அணைக்க மனசு வரலை. அப்புறம் பொறுக்கிக் கடல்ல விட்டேன். எல்லாத்தையும் முடியலை. எழுதிடாதீங்க. வனத்துறை இனிமே என்னை உள்ளே விடாது" என்றார்.

கட்டுரையைக் காலையில் கொடுக்க வேண்டும். இன்னும் ஒரு வரி எழுதவில்லை. அந்தப் படத்தை முதன்முதலில் பத்திரிகையில் போட்டவன் நான். 'கடலை நோக்கி ஓட்டம்' என்று தலைப்பு வைத்ததும் நான்தான். எழுதினால் அதையும் எழுத வேண்டும்.